எருது உட்கார்ந்த சமையலறை

லீலண்ட் வாஸ் அந்த வீட்டை வாங்கும்போது பத்திரத்தை முழுக்கப் படிக்கவில்லை. மொத்தம் பதினான்கு பக்கம். முதல் இரண்டு பக்கத்தையும் கடைசிப் பக்கத்தையும் புரட்டிப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். ஒமாஹா நகரத்தில் முப்பது வருடம் லிஃப்ட் பழுதுபார்த்து ஓய்வுபெற்றவர் அவர். காது நிறைய இரைச்சல் கேட்டாயிற்று, இனி சந்தடியில்லாத ஊரில் சந்தடியில்லாத ஒரு வீடு போதும் என்று நினைத்தார். நெப்ராஸ்காவில் சோளக்காடுகளுக்கு நடுவே இருந்த டோலிவர் அதற்குத் தோதான ஊராகத் தெரிந்தது.

குடிபோன முதல் சனிக்கிழமை, காலை பத்து மணி. லீலண்ட் உள்சட்டையோடு நின்று முட்டை பொரித்துக்கொண்டிருந்தார். பின்கதவு தானாகத் திறந்தது. கணுக்கால்வரை தொங்கும் பழங்காலத்துக் கவுனும், தாடைக்குக் கீழே நாடா கட்டிய துணித்தொப்பியுமாக ஐம்பத்தைந்து வயதுப் பெண்மணி ஒருத்தி உள்ளே வந்தாள். அவளுக்குப் பின்னால் கழுத்தில் கேமராவோடு ஒன்பது பேர்.

"படி கொஞ்சம் உயரம், பாத்து வாங்க," என்றாள் அவள். "இதுதாங்க நம்ம ஊர் பொறந்த இடம். அடுப்புக்கிட்ட ஒருத்தர் நிக்கிறாரே, அவரோட இடது காலுக்குக் கீழ பாருங்க."

லீலண்டும் பார்த்தார். சாக்கடை மூடி என்று அவர் நினைத்துக்கொண்டிருந்த பித்தளைத் தகட்டில் எழுத்துகள் இருந்தன. 'சாலமன் என்னும் எருது இங்கே உட்கார்ந்தது. 1871.'

"யாரும்மா நீங்க?" என்றார் லீலண்ட்.

"ஹில்ட்ரெட் ஷால். வரலாற்றுக் கழகம். கொஞ்சம் நகந்துக்கிறீங்களா, பின்னால இருக்கறவங்களுக்குத் தெரியல."

அவர் நகர்ந்துகொண்டார். முட்டை கருகியது.

அந்த ஊர் உண்டான கதை இதுதான். ஆஸா டோலிவர் என்பவர் தன் மனைவி பெர்மீலியாவோடும் இரண்டு எருதுகள் பூட்டிய கூண்டு வண்டியோடும் மேற்குக் கோடியில் இருந்த ஓரிகன் நோக்கிப் புறப்பட்டார். அவருடைய அண்ணன் குடும்பமும் வேறு பத்து வண்டிகளும் கூட வந்தன. இந்த இடத்துக்கு வந்ததும் சாலமன் என்ற எருது உட்கார்ந்துவிட்டது. அடித்துப் பார்த்தார்கள், கெஞ்சிப் பார்த்தார்கள், சோளம் காட்டிப் பார்த்தார்கள். பதினோரு நாள் ஆகியும் அது எழுந்திருக்கவில்லை. ஒரு மைல் முன்னால் காத்திருந்த மற்ற வண்டிகள் போய்விட்டன. பன்னிரண்டாம் நாள் ஆஸா புல்தரை மண்ணைக் கட்டிகட்டியாக வெட்டி அங்கேயே வீடு கட்ட ஆரம்பித்தார். வீட்டைச் சுற்றி ஊர் வந்தது. பிற்காலத்தில் வீட்டை விற்றபோது பத்திரத்தில் ஒரு ஷரத்தும் சேர்த்தார். எருது உட்கார்ந்த இடத்தைப் பார்க்க விரும்பும் யாரையும், சூரியன் உதித்ததிலிருந்து மறையும்வரை, இந்த வீட்டின் சொந்தக்காரர் எவரும் தடுக்கக் கூடாது. மண்வீடு போய் மரவீடு வந்தும் ஷரத்து மட்டும் கைமாறிக் கைமாறி லீலண்டின் ஒன்பதாம் பக்கத்துக்கு வந்து சேர்ந்திருந்தது.

லீலண்ட் நேராக மேயரிடம் போனார். மேயர் ரோலோ பெட்ரிக் டிராக்டர் வியாபாரி. டிராக்டர் இருக்கையில் உட்கார்ந்தபடியே ஊர் விவகாரம் பேசுகிறவர்.

"ஏம்ப்பா, மாடு வந்தது ஆயிரத்து எண்ணூத்தி எழுவத்தொண்ணுல. நீ வந்தது போன செவ்வாக்கிழமை. யாரு முன்னால?" என்றார் ரோலோ.

"அது செத்துப்போச்சே."

"செத்தா உரிமை போயிடுமா?"

அடுத்த மூன்று வருடம் லீலண்ட் வேறு வழிகளில் போராடினார். சரியாகப் பத்து மணிக்கு ஒரு கூடை வெங்காயத்தைத் தீய வைத்தார். கால்பந்து ஆட்டத்தை ரேடியோவில் அலறவிட்டார். ஒருமுறை தகட்டின்மேல் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து, கால்விரல் நகம் வெட்டினார். எதுவும் பலிக்கவில்லை. பார்க்க வந்தவர்களில் ஒருவர் இணையத்தில் எழுதியிருந்தார்: 'சமையலறையில் சிடுசிடுப்பான பழங்காலக் குடியேறியாக நடித்தவர் பிரமாதம். வசனம் இல்லாமலேயே அசத்திவிட்டார்.' அதைப் படித்தவர்கள் அவரைப் பார்ப்பதற்கென்றே வந்தார்கள்.

ஹில்ட்ரெட் இதையெல்லாம் கண்டுகொண்டதே இல்லை. பள்ளிக்கூட நூலகத்தில் வேலை பார்த்தவள் அவள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பத்தொன்பது வருடமாகச் சனிக்கிழமை தவறாமல், ஊரைச் சுற்றிக் காட்டும் இந்த நடையை நடத்துகிறாள். ஊரில் பழைய கட்டடம் என்று எதுவும் மிஞ்சவில்லை. முதல் தேவாலயம் இருந்த இடத்தில் கார் கழுவுகிறார்கள். முதல் பள்ளிக்கூடம் இருந்த இடம் பெட்ரோல் பங்க். முதல் கிணறு ஒரு பல்வைத்தியரின் வண்டி நிறுத்துமிடத்துக்கு அடியில் கிடக்கிறது. "இங்கதான் இருந்தது" என்று காலி இடத்தைக் காட்டிக் காட்டிக் கூட்டி வந்து, கடைசியில் கண்ணால் பார்க்க ஒரு தகடாவது இருக்கிற இந்தச் சமையலறைக்கு அவர்களைக் கொண்டுவந்து சேர்ப்பாள். அந்த இடத்துக்கு வரும்போது அவள் குரலே மாறிவிடும்.

ஜூலையில் ஒரு சனிக்கிழமை, கூட்டத்தில் கடைசியாக வந்த பெண் தகட்டைப் படம் எடுக்கவில்லை. கைப்பையிலிருந்து பிளாஸ்டிக் உறையில் போட்ட ஒரு காகிதத்தை எடுத்தாள்.

"நான் கார்டீலியா டோலிவர். ஓரிகன்லேர்ந்து வரேன்," என்றாள். "ஆஸாவோட அண்ணன் வழியில வந்தவ. இதைச் சொல்றதுக்குத்தான் ஆயிரத்தி நானூறு மைல் வண்டி ஓட்டிட்டு வந்தேன். தப்பா எடுத்துக்காதீங்க. மாடு உட்காரல."

லீலண்ட் ரேடியோவை அணைத்தார்.

"இது பெர்மீலியா எங்க கொள்ளுப்பாட்டிக்கு எழுதின கடுதாசி. எங்க வீட்டுப் பரண்ல கெடந்துச்சு." கார்டீலியா கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தாள். "'எருது உட்கார்ந்துவிட்டது என்று ஆஸா எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிகிறார். உனக்காவது உண்மை தெரியட்டும். உட்கார்ந்தது நான்.'"

"போதும், நிறுத்துங்க," என்றாள் ஹில்ட்ரெட்.

"இன்னும் ரெண்டு பக்கம் இருக்கு."

"வேண்டாங்க. எனக்கு அது தேவையில்ல."

லீலண்டின் முகத்தில் மூன்று வருடமாகக் காணாத ஒரு பிரகாசம் வந்தது. லிஃப்ட் பழுதுபார்ப்பவருக்கு எது எதைத் தாங்கி நிற்கிறது என்று சட்டென்று பிடிபடும். "இருங்க, இருங்க," என்றார். "எருது உட்கார்ந்த இடத்தைப் பாக்கத்தானே பத்திரத்துல உரிமை? எருதே உட்காரலன்னா பாக்க என்ன இருக்கு?" பின்கதவைக் கைகாட்டினார். "எல்லாரும் கெளம்பலாம்."

பார்க்க வந்தவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு வெளியே நகர்ந்தார்கள். ஹில்ட்ரெட் நகரவில்லை. கவுனை ஒழுங்காகச் சேர்த்துப் பிடித்துக்கொண்டு தகட்டின்மேல் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள்.

"என்னங்க பண்றீங்க?"

"பாத்துக்கிட்டிருக்கேன். பொழுது சாயற வரைக்கும் எனக்கு உரிமை இருக்கு. இல்லன்னு யாராவது தீர்ப்பு எழுதட்டும், அப்ப எழுந்திருக்கேன்."

சூரியன் மறைந்ததும் எழுந்து, குட்நைட் சொல்லிவிட்டுப் போனாள். மறுநாள் காலை சூரியன் உதித்து இரண்டு நிமிடத்தில், பின்னல் பையும் ஒரு குட்டித் தலையணையுமாக வந்து மறுபடி உட்கார்ந்தாள். திங்கள், செவ்வாய், புதன் எல்லாம் அப்படியே கழிந்தன. தகடு ஃபிரிட்ஜுக்கும் அடுப்புக்கும் சரியாக நடுவில் இருந்தது. பால் எடுக்க வேண்டுமென்றால் லீலண்ட் அவளைத் தாண்டித்தான் போக வேண்டும்.

"காலை மடக்கிக்கங்க."

"முட்டையை என் தலைமேல சிந்தாதீங்க."

மூன்றாம் நாள் அவளுக்கும் ஒரு கப் காபி வைத்தார். கரிசனத்தால் அல்ல, தனக்கு மட்டும் ஊற்றிக்கொண்டு ஒரு மனுஷியைத் தாண்டிப் போக அவருக்குக் கூச்சமாக இருந்தது. நான்காம் நாள் அவள் கொலாச்சி கொண்டுவந்தாள், நடுவே பழக்கூழ் வைத்துச் சுட்ட ரொட்டி. அதைத் தின்றுகொண்டே இருவரும் சண்டை போட்டார்கள். கார்டீலியா ஊர் விடுதியில் அறை எடுத்துத் தங்கி, தினமும் மதியம் கடிதத்தோடு வந்து போனாள். ஹில்ட்ரெட் அதைத் திரும்பியும் பார்க்கவில்லை.

"ஒரு தடவ படிச்சாத்தான் என்னங்க? நூலகத்துல வேல பாத்தவங்க நீங்க, ஒரு காகிதத்தப் பாத்துப் பயப்படறீங்களே," என்றாள் கார்டீலியா.

"பயமெல்லாம் இல்ல. மாட்டைப் பத்தி உங்களுக்குத் தெரியாது. மாடு எங்க உட்காரணும்னு அதுக்குத் தெரியும். மேடு பள்ளம் பாக்கும், காத்து பாக்கும், ஈரம் பாக்கும். இந்த எடத்துல எந்த மாடும் உட்காரும். நான் எழுதித் தரேன்."

அவளைத் தாண்டி மிளகுத்தூள் எடுக்கப் போன லீலண்டுக்கு எரிச்சல் தலைக்கேறியது. "அப்ப ஒரு மாட்டக் கூட்டிட்டு வாங்களேன். அது இங்க உட்காந்தா நான் வாயே தெறக்கமாட்டேன். சாகற வரைக்கும் வந்து பாத்துட்டுப் போங்க."

அவர் கிண்டலாகத்தான் சொன்னார். ஆனால் அந்த நேரம் பின்கதவில் மேயர் ரோலோ நின்றுகொண்டிருந்தார். ஒரு பெண் சமையலறைத் தரையில் உட்கார்ந்திருக்கிறாள் என்று பக்கத்து ஊர்ப் பத்திரிகைவரை செய்தி போய்விட்டது. சமாதானம் பேச வந்திருந்தார்.

"சொன்னியே, இதுதாம்ப்பா பேச்சு," என்றார் ரோலோ. "கோர்ட்டுக்குப் போனா நாலு வருஷம். மாடுன்னா ஒரே நாளு. உட்காந்தா அந்தம்மா ஜெயிச்சாங்க. உட்காரலன்னா ஷரத்து செல்லாது. ரெண்டு பேரும் கையெழுத்துப் போடுங்க."

"நான் சும்மா சொன்னேங்க."

"நான் போடறேன்," என்றாள் ஹில்ட்ரெட், தரையிலிருந்தபடியே பேனாவுக்குக் கை நீட்டி. அவள் போட்ட பிறகு போடாமல் இருப்பது லீலண்டுக்குக் கௌரவக் குறைச்சலாகப் பட்டது. இந்த முறையும் அவர் படித்துப் பார்க்கவில்லை.

அந்த வட்டாரத்திலேயே வண்டிக்குப் பழகிய எருது எம்மெட் ஸௌபெக் என்ற விவசாயியிடம் மட்டுந்தான் இருந்தது. பேர் பிஸ்கட். திருவிழா ஊர்வலங்களில் கூண்டு வண்டி இழுக்கிற எருது. நிறம் அழுக்கு வெள்ளை, உயரம் ஃபிரிட்ஜை ஒட்டி. சனிக்கிழமை காலை எட்டு மணிக்கு எம்மெட் அதைக் கொண்டுவந்தபோது தெருவில் ஊரே நின்றது. சாயங்காலம் ஐந்து மணிவரை கெடு என்று ரோலோ அறிவித்தார். பின்கதவின் இரண்டு பக்கத்துச் சட்டங்களையும் கழற்றிய பிறகு பிஸ்கட் தலையைக் குனிந்து, சாவகாசமாக, விருந்தாளி வருவது போல உள்ளே வந்தது. மேஜைமேல் இருந்த கொலாச்சி தட்டை முதலில் காலி செய்தது. பிறகு நான்கு காலையும் தகட்டைச் சுற்றி ஊன்றி நின்றது.

எல்லோரும் காத்திருந்தார்கள்.

ஒன்பது மணி ஆயிற்று. பதினொன்று ஆயிற்று. பிஸ்கட் ஜன்னல் திரையில் ஒரு முழத்தைத் தின்றது. அடுப்பு மேடையில் வாலால் நான்கு தடவை அடித்து உப்பு ஜாடியைத் தட்டிவிட்டது. உட்காரவில்லை.

"இது சாதாரணமா எப்ப உட்காரும்?" என்று ரோலோ கேட்டார்.

"அதுக்குத் தோணினா உட்காருங்க," என்றார் எம்மெட்.

"எப்பத் தோணும்?"

"அது என்கிட்ட சொன்னதில்லைங்க."

இடத்தை எருதுக்கு விட்டுக்கொடுத்ததால் ஹில்ட்ரெட் அன்று முழுக்க நின்றாள். அதன் கழுத்தைத் தடவிக்கொடுத்தாள். காதில் ஏதோ சொன்னாள். நாற்காலி போட்டார் லீலண்ட், வேண்டாம் என்றுவிட்டாள். அது நிற்கும்போது தான் உட்கார்ந்தால் நியாயமாக இருக்காதாம். மதியம் இரண்டு மணிக்குச் சமையலறை அனலாகக் கொதித்தது. சனிக்கிழமை நடைக்காக அவள் போடுகிற அந்தப் பழங்கால முரட்டுத்தோல் பூட்ஸுக்குள் கால் வீங்கிவிட்டது. மூன்று மணிக்கு, யாரும் எதிர்பாராத நேரத்தில், சுவரோடு சறுக்கிக்கொண்டு தொப்பென்று தரையில் உட்கார்ந்தாள்.

கார்டீலியா ஓடிவந்து பூட்ஸைக் கழற்றினாள். குதிகால் இரண்டும் உரிந்து சிவந்திருந்தன.

"ஏழு மணி நேரந்தான் நின்னேன்," என்றாள் ஹில்ட்ரெட் தன் காலைப் பார்த்துக்கொண்டே. கழற்றிய பூட்ஸைத் தள்ளி வைத்தாள். பிறகு, "அவங்கல்லாம் வண்டியில ஏறிட்டா வந்தாங்க? வண்டி நெறயச் சாமான். பொம்பளைங்க பக்கத்துல நடந்துதான் வந்தாங்க. இதை ஒவ்வொரு சனிக்கிழமையும் கார் கழுவற எடத்துல நின்னு நானேதான் சொல்றேன்," என்றாள். கையை நீட்டினாள். "குடுங்க அந்தக் கடுதாசிய."

அவள் சத்தமாகவே படித்தாள்.

"'அயோவாவிலிருந்து நடக்கிறேன். பிளாட் ஆற்றங்கரையில் என் செருப்பு பிய்ந்துபோய்விட்டது. கோணியைச் சுற்றிக்கொண்டு நடந்தேன். ஓரிகன் இன்னும் எவ்வளவு தூரம் என்று ஆஸாவைக் கேட்டேன். இதுவரை வந்ததைப் போல இன்னும் மூன்று மடங்கு என்றார், ஏதோ நல்ல சேதி சொல்வது போல. நான் உட்கார்ந்துவிட்டேன். போக வேண்டுமானால் போங்கள், போய்ச் சேர்ந்ததும் கடிதம் எழுதுங்கள் என்றேன். பெண்டாட்டி சொல் கேட்டு நின்றுவிட்டான் என்று மற்ற வண்டிக்காரர்கள் சிரிப்பார்களே என்று அவருக்கு வெட்கம். அதனால் எருதின் முன்னால் போய் நின்று பதினோரு நாள் கத்தினார். பாவம் சாலமன், நின்றுகொண்டே கேட்டது.'"

முதலில் சிரித்தது எம்மெட். அப்புறம் தெருவில் நின்றவர்கள். ஹில்ட்ரெட் சிரிக்கவில்லை. காகிதத்தை மடித்து மடியில் வைத்துக்கொண்டாள்.

"பத்தொம்பது வருஷமா ஒரு ஆம்பளையோட வெட்கத்தக் காவல் காத்துக்கிட்டு இருந்திருக்கேன்," என்றாள்.

லீலண்ட் ஒரு வாளியில் குளிர்ந்த தண்ணீர் பிடித்து அவள் கால்பக்கம் வைத்தார். அதில் பாதியை பிஸ்கட் குடித்துவிட்டது. அவர் மறுபடி பிடித்து வைத்தார்.

ஐந்து மணிக்கு ரோலோ கடிகாரத்தைப் பார்த்து, எருது உட்காரவில்லை, ஷரத்து செல்லாது என்று அறிவித்தார். லீலண்டின் முதுகில் இரண்டு பேர் தட்டினார்கள். "சரி, மாட்டை வெளிய கொண்டு போங்க," என்றார் லீலண்ட்.

எம்மெட் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். "அதுலதாங்க ஒரு சின்ன சிக்கல். இது திரும்ப எடம் பத்தாது."

"பின்னாலயே நடத்திட்டுப் போங்க."

"பின்னால போகாதுங்க. பொறந்ததுலேர்ந்து ஒரு அடி போனதில்ல. ஊர்வலத்துல அதுக்கு அவசியமே வரல."

கொம்பைப் பிடித்துத் தள்ளினார்கள். முன்னால் நின்று சோளத்தட்டையை ஆட்டிப் பயமுறுத்தினார்கள். பிஸ்கட் அந்தத் தட்டையைத் தின்றது. கார்டீலியா பாடினாள். அரைமணி நேரம் கழித்து எம்மெட் எருதுக்கு எதிரே இருந்த சுவரைத் தட்டிப் பார்த்து, "இது மட்டும் இல்லன்னா நேரா போயிடும்," என்றார்.

லீலண்ட் அந்தச் சுவரைப் பார்த்தார். மூன்று வருடமாக எந்தச் சுவருக்குள் தனியாக இருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டாரோ, தெருப்பக்கத்து அந்தச் சுவர். பிறகு எருதைப் பார்த்தார். அது அவருடைய காலண்டரைத் தின்ன ஆரம்பித்திருந்தது.

"எடுங்க," என்றார்.

ரோலோ கடையிலிருந்து டிராக்டர் வந்தது. வெளிச்சம் இருக்கும்போதே சுவர், ஜன்னலோடும் அலமாரியோடும், ஒரே துண்டாகத் தெருப்பக்கம் சாய்ந்தது. தூசி அடங்கியதும் பிஸ்கட், வந்தது போலவே சாவகாசமாக, நேராக நடந்தது. தெருவைக் கடந்தது. எதிரே தபால் ஆபீஸ் புல்வெளிக்குப் போய், முன்னங்காலை மடித்து, பெருமூச்சு விட்டு உட்கார்ந்தது.

ஹில்ட்ரெட் வெறுங்காலோடு அதையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

கார்டீலியா கடிதத்தை வரலாற்றுக் கழகத்துக்கே கொடுத்துவிட்டு ஓரிகன் கிளம்பினாள். லீலண்ட் திங்கட்கிழமை கடைக்குப் போய்ப் பெரிய பூட்டாக ஒன்று வாங்கிப் பின்கதவில் மாட்டினார். சட்டப்படி இனி ஒருவரும் அந்த வீட்டுக்குள் கால் வைக்க முடியாது. ஆனால் சுவர் இல்லை. அந்தக் கோடையில் ஆலங்கட்டி மழையில் ஊர்க் கூரைகள் பாதிக்கு மேல் பொத்தலாகியிருந்தன. அந்த வேலையில் மாட்டியிருந்த தச்சர் ஏழு வாரம் ஆகும் என்று கைவிரித்துவிட்டார்.

அடுத்த சனிக்கிழமை பத்து மணிக்கு ஹில்ட்ரெட் நாற்பது பேரோடு நடைபாதையில் வந்து நின்றாள். காலில் சாதாரணக் கான்வாஸ் ஷூ. உள்ளே வரவில்லை. வர வேண்டிய அவசியமும் இல்லை; அடுப்பு, ஃபிரிட்ஜ், தகடு, முட்டை தின்றுகொண்டிருந்த லீலண்ட் எல்லாம் தெருவிலிருந்தே பளிச்சென்று தெரிந்தன.

"பெர்மீலியா டோலிவர் உட்கார்ந்த எடம் இது," என்றாள் அவள். "ஆயிரத்து எண்ணூத்தி எழுவத்தொண்ணுல அவங்க இங்க உட்காந்தாங்க. ஊரு அதனாலதான் உண்டாச்சு."

முன்வரிசையில் நின்ற ஒருவர் கழுத்தை நீட்டி, "சார், அவங்க எந்தப் பக்கம் பாத்து உட்காந்தாங்க?" என்று லீலண்டைக் கேட்டார்.

மூன்று வருடத்தில் யாரும் அவரிடம் கேள்வி கேட்டதில்லை. லீலண்ட் முள்கரண்டியைக் கீழே வைத்துவிட்டு யோசித்தார். "கிழக்க பாத்து," என்றார். "வந்த தூரத்தப் பாக்கறதுக்கு. கால் வலிக்கறவங்க போகவேண்டிய பக்கத்தப் பாக்கமாட்டாங்க."

"அதெல்லாம் கடுதாசியில இல்ல," என்றாள் ஹில்ட்ரெட்.

"எழுதாம விட்டிருப்பாங்க."

"எழுதாதத எல்லாம் வரலாறுன்னு சொல்ல முடியாதுங்க."

"மாட்டைச் சொன்னீங்களே பத்தொம்பது வருஷம்."

நாற்பது பேரும் நடைபாதையிலேயே உட்கார்ந்து அந்தச் சண்டையை முக்கால் மணி நேரம் கேட்டார்கள். மறுவாரம் இன்னும் அதிகம் பேர் வந்தார்கள். லீலண்ட் சலவைச் சட்டை போட்டுக்கொண்டு முட்டை தின்றார்.

செப்டம்பரில் தச்சர் அளவெடுக்க வந்தார். பழைய மாதிரியே சின்ன ஜன்னல்தானே என்று கேட்டார். லீலண்ட் அறையின் நடுவே நின்று, கைகளை விரித்துக் காட்டினார். போதவில்லை என்று தோன்றவே இரண்டடி பக்கவாட்டில் நகர்ந்து மறுபடி விரித்தார்.

"இவ்வளவு பெருசாவா? தெருவே தெரியுமே," என்றார் தச்சர்.

"வெளிச்சத்துக்கு," என்றார் லீலண்ட்.